தண்ணீர் முத்தாக நின்ற கன்னம்

அந்தப் பரிசோதனைக்கூடத்தில் எல்லாருக்கும் அவள் பளிச்சக்காதான். சம்பளச் சீட்டில் வேறொரு பேர் இருக்கிறது. அதைச் சொல்லி யாராவது கூப்பிட்டால், "யாரைத் தேடறீங்க?" என்று அவளே கேட்டாலும் கேட்பாள். கூடத்தின் பின்புறம், ஜெனரேட்டருக்கும் மாடிப்படிக்கும் நடுவில் இருக்கிற கழுவும் அறையில் பத்தொன்பது வருஷமாக நிற்கிறாள். முன்பக்கம் ரத்தம் சோதிப்பார்கள். மாடியில் குடிநீர் சோதிப்பார்கள். மாடியிலிருந்து தினமும் இருநூறு முந்நூறு கண்ணாடிக் குடுவைகள் அழுக்கோடு கீழே இறங்கும். சாயங்காலம் அவள் கைபட்டு, பளிச்சென்று மேலே ஏறும். பேர் வந்த கதை அவ்வளவுதான்.

அவள் கழுவுவதைப் பார்க்க வேண்டும். சோப்புத் தண்ணீரில் ஊறல், நீளப் பிரஷ், பிடிவாதக் கறையென்றால் அமிலத் தொட்டி, அப்புறம் குழாய்த் தண்ணீரில் ஏழு தரம், வடித்த தண்ணீரில் மூன்று தரம். அத்தோடு விட்டுவிடுவாளா? குடுவையைக் கவிழ்த்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடிப்பாள். உள்சுவரில் தண்ணீர் மெல்லிய தாள் மாதிரி ஒரே சீராக வழிந்து இறங்க வேண்டும். எங்காவது ஒரு சொட்டு முத்தாக நின்றுவிட்டதோ, போச்சு. அங்கே எண்ணெய்ப் பிசுக்கு இருக்கிறது என்று அர்த்தம். "நிக்கிறியா? திமிரா உனக்கு?" என்று அந்தச் சொட்டைத் திட்டிக்கொண்டே முதலிலிருந்து கழுவுவாள். மாடியில் இருக்கும் படித்தவர்கள் தங்கள் கணக்கில் தப்பு வந்தால் இயந்திரத்தைச் சந்தேகப்படுவார்கள், ரசாயனத்தைச் சந்தேகப்படுவார்கள், ஒருவரையொருவர் சந்தேகப்படுவார்கள். குடுவையை மட்டும் சந்தேகப்பட்டதே கிடையாது. ஒரு மனுஷிக்கு இதைவிடப் பெரிய மரியாதை என்ன வேண்டும்?

ஆனால் அவளுக்கு வேறொன்று வேண்டியிருந்தது. முன்பக்கத்தில் ரத்தம் எடுக்கிற மேஜை.

அந்த ஆசை முளைத்தது ஒரு ஆஸ்பத்திரிக் கட்டில் பக்கத்தில். அவளுடைய அப்பா கடைசியாகப் படுத்திருந்தபோது, ரத்தம் எடுக்க வந்த ஆள் நரம்பு கிடைக்காமல் ஐந்து இடத்தில் குத்தினான். அப்பா கண்ணை மூடிக்கொண்டு அவள் விரலைப் பிடித்துக்கொண்டார், அவ்வளவுதான். 'ஊசியை என் கையில கொடுத்திருந்தா ஒரே குத்துல எடுத்திருப்பேனே' என்று அன்றைக்கு மனசுக்குள் பொருமினாள். பொருமியதோடு நிறுத்தவில்லை. நாற்பது வயதில் போய், ரத்தம் எடுக்கிற பயிற்சியில் சேர்ந்தாள். சனி ஞாயிறு வகுப்பு, ஒரு வருஷம். இருபது வயதுப் பிள்ளைகளுக்கு நடுவில் முன்வரிசையில் உட்கார்ந்து, வகுப்பிலேயே இரண்டாவதாகத் தேறினாள். அவள் கை நடுங்காது. பத்தொன்பது வருஷமாக அமிலத்தோடு புழங்குகிற கை, ஒரு ஊசிக்கா நடுங்கும்?

"இத்தனை வருஷம் பாட்டிலோடயே பேசியாச்சுங்க. அதுங்க திரும்பப் பேசவே மாட்டேங்குது. இனிமே மனுஷங்களோட பேசறேன்," என்று புருஷனிடம் சொன்னாள்.

புருஷன் கார்களுக்குப் பெயிண்ட் அடிப்பவர். பட்டறையில் அவருக்குப் பேர் 'ரெண்டாவது கோட்டு'. முதல் கோட்டில் எப்போதும் திருப்திப்படாத ஆள். "பாட்டில் எதுத்துப் பேசாது. மனுஷன் பேசுவான். யோசிச்சுக்க," என்றார்.

"இருபது வருஷமா உங்ககிட்ட பழகிட்டேனே, அது போதாதா?" என்றாள் அவள்.

இப்படி எல்லாம் கூடிவந்த நேரத்தில்தான் முகம் கெட்டது. பதினாறு வயதில் ஒரு பரு வந்தவள் இல்லை. நாற்பத்தொன்றில் வந்தது பாருங்கள், தாடையிலும் கன்னத்திலும் குவியல் குவியலாக. தொட்டால் வலிக்கிற, உள்ளே ஆழமாக வேர்விட்ட பருக்கள். ஒன்று அமுங்கினால் பக்கத்தில் இரண்டு கிளம்பும். சான்றிதழை எடுத்துக்கொண்டு மேனேஜர் அறைக்குப் போன அன்று கன்னம் இரண்டும் சிவந்து வீங்கியிருந்தன.

மேனேஜர் கெட்டவர் இல்லை. ஆனால் வாய்க்கும் மூளைக்கும் நடுவில் ஒரு கதவு இருந்தால் நன்றாக இருக்கும் என்கிற ரகம். சான்றிதழை இரண்டு தரம் படித்தார். "ரொம்ப சந்தோஷம்மா. இப்ப அந்த மேஜைல இருக்கறவங்க மூணு மாசத்துல வேலைய விட்டுப் போறாங்க. உங்களுக்கே குடுக்கலாம். ஆனா…" என்று தன் கன்னத்தையே தொட்டுக் காட்டினார். "ஜனங்க நோயோட வர்ற இடம். இவங்களுக்கே ஏதோ இருக்கு, நமக்கும் ஒட்டிக்குமோன்னு நினைப்பாங்க. அதுக்குள்ள சரிபண்ணிக்குங்க. இல்லேன்னா வெளிய இருந்துதான் ஆள் எடுக்கணும்."

அட மனுஷா, பரு ஒட்டிக்கொள்கிற வியாதியா? ரத்தம் சோதிக்கிற இடத்தில் மேனேஜராக இருந்துகொண்டு பேசுகிற பேச்சா இது? பளிச்சக்கா சான்றிதழை மடித்து எடுத்துக்கொண்டாள். கழுவும் அறைக்குத் திரும்பி வந்து, அன்றைக்கு அறுபது குடுவைகளை வழக்கத்தைவிட வேகமாகக் கழுவினாள். மூன்று மாதம் என்பது மட்டும் தலைக்குள் ஓடிக்கொண்டே இருந்தது.

மறுநாளே தோல் டாக்டரிடம் போனாள். டாக்டரம்மா முகத்தைப் பார்த்தார், மாத்திரைகள் பற்றியும் மாதவிலக்கு பற்றியும் கேட்டார், கர்ப்பம் இல்லையென்று உறுதி செய்துகொண்டார். ரெட்டினாய்டு வகைக் களிம்பு ஒன்றை எழுதினார். "ராத்திரி மட்டும், பட்டாணி அளவு, முகம் முழுக்க. முதல்ல கொஞ்சம் உரியும், சிவக்கும், பரு கூடுன மாதிரியும் தெரியும். பயப்படாதீங்க, எட்டுப் பன்னெண்டு வாரம் பொறுக்கணும். வெயில்ல போனா சன்ஸ்க்ரீன் பூசிக்குங்க. முகம் கழுவ மட்டும் ரொம்ப மென்மையானதா பார்த்து வாங்கிக்குங்க." வெளியே பதினெட்டுப் பேர் காத்திருந்தார்கள். அவ்வளவுதான் நேரம்.

களிம்பு பற்றிச் சொன்னதையெல்லாம் அவள் சீட்டில் எழுதிக்கொண்டாள். கடைசி வாக்கியத்தை எழுதவில்லை. கழுவுவதைப் பற்றி அவளுக்கா சொல்லித்தர வேண்டும்?

தப்பு அங்கேதான் நடந்தது. வேறு யாராக இருந்தாலும் ஏதோ ஒரு சோப்பைப் போட்டு, அரைகுறையாகக் கழுவி, தப்பித்திருப்பார்கள். நம்மவள் எதையும் அரைகுறையாகச் செய்கிறவளா? கடையில் இருப்பதிலேயே நுரை பொங்குகிற, 'ஆழமான சுத்தம்' என்று பெரிய எழுத்தில் போட்டிருந்த ஃபேஸ்வாஷை வாங்கினாள். சுடுதண்ணீர் வைத்தாள். மருந்து நன்றாக இறங்க வேண்டுமென்றால் பிசுக்கில்லாமல் இருக்க வேண்டுமே என்று தேய்த்தாள். கழுவிவிட்டுக் கண்ணாடி முன்னால் போய், முகத்தைச் சாய்த்து வெளிச்சத்தில் பார்த்தாள். கன்னத்தில் தண்ணீர் முத்து முத்தாக நின்றது.

"நிக்கிறியா? திமிரா உனக்கு?" என்றாள். திரும்ப முதலிலிருந்து கழுவினாள்.

தண்ணீர் தாள் மாதிரி வழிகிற வரைக்கும் விடவில்லை. காலையில் மூன்று தரம், சாயங்காலம் வந்ததும் இரண்டு தரம், களிம்பு பூசுவதற்கு முன்னால் இன்னும் இரண்டு. விரலை வைத்து இழுத்தால் கழுவின தட்டு மாதிரி கீச்சென்று சத்தம் வரும். அந்தச் சத்தம் கேட்டால்தான் அவளுக்கு நிம்மதி.

இரண்டாவது வாரம் முகம் உரிய ஆரம்பித்தது. வாயோரம், மூக்கோரம், தாடை எல்லாம் செதில் செதிலாக. புருஷன் டார்ச் அடித்துப் பார்த்தார். தொழில்காரர் இல்லையா, அவருக்கும் ஒரு அபிப்பிராயம் இருந்தது.

"பழைய பெயிண்டு உரியுது. உரியற கோட்டு மேலயே புதுசு அடிச்சா நிக்காது. தேச்சு எடுத்துட்டுதான் அடுத்தது அடிக்கணும்."

"உப்புத்தாள் எடுத்துட்டு வந்துடாதீங்க, சாமி," என்றாள். ஆனால் அவர் சொன்னது நியாயமாகத்தான் பட்டது. மறுநாள் பரபரவென்று மணல் மாதிரி இருக்கிற ஸ்க்ரப் ஒன்றை வாங்கி வந்து, உரிகிற இடத்தையெல்லாம் தேய்த்து எடுத்தாள். ஒருத்தி குடுவைக்காரி, ஒருத்தர் கார்க்காரர். இரண்டு பேரும் சேர்ந்து ஒரு மனுஷ முகத்தைப் படுத்திய பாடு இருக்கிறதே!

மூன்றாவது வாரம் வெறும் தண்ணீர் பட்டாலே எரிந்தது. முகக்கவசம் உரசினால் கண்ணில் நீர் முட்டியது. சிரித்தால் வாயோரம் வெடித்தது. அதனால் சிரிப்பதை நிறுத்திக்கொண்டாள். களிம்பு தொட்டால் தீயை அப்பியது மாதிரி இருந்தது. மேனேஜர் ஒருநாள் கழுவும் அறைப் பக்கம் வந்தவர், வாசலிலேயே நின்று, "என்னம்மா, இன்னும் கூடிப்போச்சே," என்று சொல்லிவிட்டுப் போனார். அன்று வீட்டுக்குப் போனதும் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அழுத கண்ணீரும் கன்னத்தில் இறங்கி எரித்தது. களிம்பைக் குப்பைக்கூடையில் போட்டாள். 'அந்த மேஜை நமக்கு எழுதி வைக்கலை, அவ்வளவுதான்' என்று நினைத்தாள். தான் தோற்றுவிட்டோம் என்று அவள் நினைத்தது அதுதான் முதல் தரம்.

எரிச்சலுக்கு ஏதாவது வாங்கலாம் என்று தெருமுனை மருந்துக்கடைக்குப் போனாள். அங்கே மருந்து எடுத்துக் கொடுப்பது முப்பது வயதுப் பெண் ஒருத்தி. எதைக் கேட்டாலும் உடனே கொடுக்க மாட்டாள்; திருப்பி நாலு கேள்வி கேட்பாள். தெருவில் அவளுக்கு 'வக்கீல்' என்று பேர்.

"தீக்காய மருந்தா? எங்க சுட்டுச்சு?" என்றாள் வக்கீல்.

பளிச்சக்கா துப்பட்டாவை முகத்திலிருந்து விலக்கினாள்.

வக்கீல் மேஜைக்கு மேலாகக் குனிந்து கிட்டத்தில் பார்த்தாள். அப்புறம், "என்ன களிம்பு போடறீங்க?" என்று கேட்டாள். பேரைச் சொன்னதும் தலையாட்டினாள். "அது சரியான மருந்துதான். இவ்வளவு எரியாதே. எப்படிக் கழுவறீங்க முகத்தை?"

பளிச்சக்கா நிமிர்ந்து நின்று சொன்னாள். சுடுதண்ணீர், நுரை, ஸ்க்ரப், ஏழு தரம், கீச்சுச் சத்தம், தண்ணீர் வழிகிற சோதனை. சொல்லச் சொல்ல வக்கீலின் வாய் திறந்துகொண்டே போனது.

"அக்கா, நீங்க முகம் கழுவலை. முகத்தை அழிச்சிட்டிருக்கீங்க. தண்ணி முத்தா நிக்குதுன்னா அது அழுக்கில்லக்கா. தோலே தனக்காகச் சுரந்து வெச்சிருக்கிற மெல்லிய எண்ணெய். அதுதான் காவல். இந்தக் களிம்பு போடறப்போ தோல் ஏற்கெனவே வலு குறைஞ்சு நிக்கும். காவலையும் நீங்க தொரத்திட்டீங்க. எரியாம என்ன செய்யும்?"

"பத்தொன்பது வருஷமா கழுவறேன்மா நானு," என்றாள் பளிச்சக்கா. குரலில் சூடு ஏறிவிட்டது. "எனக்குக் கழுவத் தெரியாதா?"

"கண்ணாடியைக் கழுவத் தெரியும்," என்றாள் வக்கீல், கூசாமல்.

பளிச்சக்கா ஒன்றும் வாங்காமல் வந்துவிட்டாள். வழியெல்லாம் அந்தப் பெண்ணைத் திட்டினாள். நேற்று முளைத்தது, தொழில்காரியிடம் தொழில் பேசுகிறது!

மறுநாள் காலை மாடியிலிருந்து வந்த தட்டில், குடுவைகளோடு நாலு சின்னக் கண்ணாடிப் பெட்டிகளும் இருந்தன. விரல் நீளம்தான். அதற்குள் நீரை ஊற்றி, ஒளியைச் செலுத்திப் பார்ப்பார்கள். பக்கங்கள் அவ்வளவு மெல்லியவை, அவ்வளவு துல்லியமானவை. ஒரு கீறல் விழுந்தால் தூக்கிப் போட வேண்டியதுதான். அவற்றை அவள் ஒருநாளும் பிரஷ்ஷால் தொட்டதில்லை. அமிலத் தொட்டிப் பக்கமே கொண்டுபோனதில்லை. வெதுவெதுப்பான தண்ணீர், ஒரு சொட்டுச் சாதுவான சோப்பு, விரல் நுனி, மெல்லிய தாளில் ஒற்றி எடுத்தல். புதிதாக வந்த உதவியாள் ஒருத்தி ஒரு தரம் இதைப் பிரஷ்ஷால் தேய்க்கப் போனபோது, "அடிப்பாவி, இதைப் போயா தேய்ப்பே!" என்று அலறிக் கையைத் தட்டிவிட்டவள் இவள்.

கண்ணாடிப் பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டாள். அப்புறம் தலையில் ஒரு போடு போட்டுக்கொண்டாள். "நாலு பெட்டிக்குப் பார்த்த பக்குவம், சொந்த மூஞ்சிக்குப் பார்க்கலையேடி!"

பெரிய மனுஷத்தனம் என்பது இதுதான். தான் கெட்டிக்காரி என்று ஊரே சொல்லுகிற ஒரு விஷயத்தில், தான் செய்தது தப்பு என்று ஒத்துக்கொள்வது. அன்று சாயங்காலம் நேராக வக்கீலிடம் போய், "நேத்து கோபத்துல பேசிட்டேன். நீ சொன்னது சரி. இப்ப எதுல கழுவணும், எப்படிக் கழுவணும், முதல்ல இருந்து சொல்லு," என்றாள்.

வக்கீல் முதலில் டாக்டரம்மாவுக்குப் போன் போடச் சொன்னாள். தோல் ஆறுகிற வரைக்கும் பத்து நாள் களிம்பு வேண்டாம், அப்புறம் மூன்று நாளைக்கு ஒரு தரம் தொடங்குங்கள் என்று பதில் வந்தது. குப்பைக்கூடையில் கிடக்கிற களிம்பை வீட்டுக்குப் போனதும் எடுத்துத் துடைத்து வைப்பதாகச் சொன்னாள். அடுத்து, கழுவுவதற்கான ஆறு புட்டிகள் கடை மேஜைமேல் வரிசையாக வந்தன. இனிமேல் பளிச்சக்காவை யாரும் ஏமாற்ற முடியாது. அமில சீசாக்களின் சீட்டையே எழுத்துக்கூட்டிப் படித்துப் பழகியவள். மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு ஒவ்வொரு புட்டியின் முதுகையும் படித்தாள், புரியாததை வக்கீலிடம் கேட்டாள்.

"இது?"

"உள்ளே சின்னச் சின்ன மணி இருக்கு, தேய்க்கும்."

"வேண்டாம். இது?"

"பருவுக்குன்னு இதுலயும் அமிலம் போட்டிருக்கான். உங்களுக்கு ராத்திரிக் களிம்பே போதும். ரெண்டும் சேர்ந்தா திரும்ப எரியும்."

"அமிலமா? அந்தப் பக்கம் வை. இது என்ன, பூக்கடை மாதிரி மணக்குது?"

"அதனாலதான் அதுவும் வேண்டாம். வாசனையே சிலருக்கு எரிச்சல் குடுக்கும்."

கடைசியில் நின்றது அழகே இல்லாத ஒரு வெள்ளைப் புட்டி. வாசனை கிடையாது, நிறம் கிடையாது, நுரையும் கிடையாது. பால் மாதிரி ஒன்று வழிந்தது. பளிச்சக்கா அதையும் அப்படியே நம்பிவிடவில்லை. முழங்கை மடிப்பில் மூன்று நாள் போட்டுக் கழுவிப் பார்த்தாள். சிவக்கவில்லை, அரிக்கவில்லை, கழுவினபிறகு தோல் பிடித்து இழுக்கவில்லை. நாலாம் நாள்தான் முகத்துக்கு வந்தாள்.

புருஷன் ஒரு சொட்டைத் தன் கையில் விட்டுப் பார்த்தார். "என்னம்மா இது, நுரையே காணோம். இதுல சைக்கிள் மணியைக் கூடக் கழுவ முடியாது."

"கழுவ வேண்டாம். நீங்க ஒரு வேலை பண்ணுங்க. இந்தக் கதவுகிட்ட நில்லுங்க. நான் ரெண்டாந்தரம் குழாயைத் திறந்தா கையைப் பிடிச்சு வெளியே இழுத்துடுங்க."

விளையாட்டுக்குச் சொல்லவில்லை. பத்தொன்பது வருஷப் பழக்கம் கையில் ஊறியிருந்தது. விரல் நுனியால் அரை நிமிஷம், வெதுவெதுப்பான தண்ணீரில் ஒரே தரம், துண்டால் ஒற்றி எடுத்தல், அது காய்வதற்கு முன்னால் ஈரம் காக்கிற கிரீம். இவ்வளவுதான். இதற்கு அவள் பட்ட பாடு! கை தானாகக் குழாயை நோக்கிப் போகும். மனுஷர் நிஜமாகவே ஒரு வாரம் காவல் நின்றார். எந்தக் காருக்கும் இரண்டாவது கோட்டு அடிக்காமல் விடாத ஆள், "ஒரு கோட்டு போதும், வா வெளியே," என்று அவளை இழுத்துக்கொண்டு வந்தார். இருபது வருஷக் கல்யாணத்தில் அவள் மனசு குளிர்ந்த வாரம் அது.

எரிச்சல் முதலில் அடங்கியது. உரிவது குறைந்தது. டாக்டரம்மா சொன்னபடி களிம்பு மூன்று நாளைக்கு ஒன்று, அப்புறம் ஒன்றுவிட்டு ஒருநாள் என்று வந்தது. இந்தத் தரம் அவள் அவசரப்படவில்லை. ஒன்பதாவது வாரம் ஒரு காலையில் முகம் கழுவிவிட்டுக் கண்ணாடியைப் பார்த்தாள். கன்னத்தில் தண்ணீர் முத்து முத்தாக நின்றது. அதைத் திட்டவில்லை. "நில்லு, நில்லு," என்று சொல்லிவிட்டுத் துண்டை எடுத்தாள்.

மூன்று மாதம் முடிந்தது. புதுப் பரு வருவது பெரும்பாலும் நின்றிருந்தது. ஆனால் பழையவை விட்டுப்போன கறுப்புத் தழும்புகள் இரண்டு கன்னத்திலும் இருந்தன, தாடையில் இளஞ்சிவப்பு இன்னும் போகவில்லை. டாக்டரம்மா, "அதுக்கு இன்னும் மாசக்கணக்காகும்," என்று சொல்லியிருந்தார். முதல் மூன்று வாரத்தைத் தேய்த்தே வீணாக்கியவள் யாரைக் குறை சொல்வது? அதே முகத்தோடு மேனேஜர் அறைக்குப் போனாள்.

அவர் பார்த்தார். "பரவாயில்லம்மா. ஆனா முழுசா சரியாயிடுச்சுன்னு சொல்ல முடியாது. வெளியே ரெண்டு பேர் விண்ணப்பம் போட்டிருக்காங்க…"

"சார், ஒரு நாள் குடுங்க," என்றாள் பளிச்சக்கா. "ஒரே ஒரு நாள். என் முகத்தைப் பார்த்து ஒருத்தர் முகம் சுளிச்சாலும் நானே எழுந்து குடுவை கழுவப் போயிடறேன். யாரையும் குறை சொல்ல மாட்டேன். ஆனா பார்க்காமலே சொல்லாதீங்க. நான் கழுவின குடுவையை நீங்க வெளிச்சத்துல பிடிச்சுப் பார்த்துட்டுதானே நம்புனீங்க?"

அவர் மேஜைமேல் இருந்த டைரியைப் புரட்டினார். "சரி, நாளைக்கு உட்காருங்க," என்றார். நாள் முழுக்கத் தானும் அங்கேயே நிற்கப்போவதாகவும் சொன்னார்.

மறுநாள் காலை ஏழு மணிக்கே வரிசை. முதலில் வந்தவர் லாரி ஓட்டுகிறவர். கதவை அடைத்துக்கொண்டு வருகிற உடம்பு, முறுக்கின மீசை. நாற்காலியில் உட்கார்ந்தார், கையை நீட்டினார், ஊசியைப் பார்த்தார், அவ்வளவுதான். முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டார். "குத்திட்டீங்களா? குத்திட்டீங்களா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

"எடுத்தே முடிச்சாச்சுங்க. பஞ்சை அழுத்திப் பிடிங்க," என்றாள்.

"முடிஞ்சுதா! தெரியவே இல்லையே!" என்று பஞ்சைப் பார்த்துக்கொண்டே எழுந்து போனார்.

அடுத்தவர் மேற்கூரையைப் பார்த்தார். அதற்கடுத்த அம்மா கண்ணை மூடி வாய்க்குள் ஏதோ முணுமுணுத்தார். ஒருவர் செல்போனைப் பார்த்தார், ஒருவர் தன் செருப்பைப் பார்த்தார். சிலர் ஊசியைப் பார்த்தார்கள், சிலர் தங்கள் நரம்பைப் பார்த்தார்கள். பளிச்சக்காவுக்கு எட்டாவது ஆளிடம்தான் உறைத்தது. ஐயோ, ரத்தம் எடுக்கிறவள் முகத்தை யார் பார்க்கிறார்கள்! மூன்று மாதமாக எரிந்து, உரிந்து, அழுது, புருஷனைக் கதவில் காவல் நிறுத்தி… ஒரு ஆத்மாவாவது நிமிர்ந்து பார்க்க வேண்டுமே! அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. மூலையில் நின்ற மேனேஜரைப் பார்த்தாள். அவருக்கும் உறைத்திருந்தது; கழுத்துப்பட்டியைத் தளர்த்திவிட்டுக்கொண்டு ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்.

முப்பது பேர் ஆயிற்று. ஒருவரையும் இரண்டாம் தரம் குத்தவில்லை.

முப்பத்தோராவதாக வந்தது இருபது வயதுப் பெண். கண்ணுக்குக் கீழே எல்லாம் முகக்கவசம். சீட்டில் கல்லீரல் சோதனையும் கொழுப்புச் சோதனையும் எழுதியிருந்தது. பருவுக்கு ரெட்டினாய்டு மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு அவ்வப்போது எழுதுவது. அந்தப் பெண் சுவரைப் பார்க்கவில்லை. ஊசியைப் பார்க்கவில்லை. நேராகப் பளிச்சக்காவின் முகத்தைப் பார்த்தாள். வைத்த கண் வாங்காமல், தழும்பு தழும்பாகப் பார்த்தாள். மூலையில் மேனேஜர் ஒரு அடி முன்னால் வந்தார். முகம் சுளித்தால் எழுந்துவிடுவதாக வாக்குக் கொடுத்தாயிற்றே!

ரத்தம் எடுத்து, பஞ்சு வைத்த பிறகும் அந்தப் பெண் எழுந்திருக்கவில்லை.

"அக்கா, தப்பா நினைக்காதீங்க. உங்களுக்கும் வந்துச்சா?" என்று மெல்லக் கேட்டாள்.

"வந்துச்சும்மா. நிறைய."

"எரியலையா உங்களுக்கு? எனக்கு எரியுது. நான் காலேஜ் போயி ரெண்டு வாரமாச்சு." சொல்லிக்கொண்டே அந்தப் பெண் முகக்கவசத்தைக் கழற்றினாள். வாயோரம் வெடிப்பு, கன்னமெல்லாம் செதில், மூக்கைச் சுற்றிச் சிவப்பு. அறையில் இன்னும் நாலு பேர் இருந்தார்கள். அவள் யாரையும் பார்க்கவில்லை. "தினம் தேய்ச்சுத் தேய்ச்சுக் கழுவறேன்க்கா, திரும்பத் திரும்ப உரியுது."

"எதுல கழுவற?" என்றாள் பளிச்சக்கா.

அந்தப் பெண் சொன்ன பேரைக் கேட்டதும் பளிச்சக்கா தன் தொடையில் அடித்துக்கொண்டாள். "அதே புட்டி! நானும் அதைத்தான் வாங்கித் தொலைச்சேன். தேய்க்கறதை இன்னைக்கோட நிறுத்தும்மா. உரியறது அழுக்கில்ல. எரியறதை உன் டாக்டர்கிட்ட மறைக்காம சொல்லு. தெருமுனைல ஒரு மருந்துக்கடை இருக்கு, அங்க ஒரு வக்கீலு இருப்பா. நான் அனுப்பினேன்னு சொல்லு. நாலு கேள்வி கேப்பா, கோவிச்சுக்காதே. நான் கோவிச்சுக்கிட்டு ஒரு நாளை வீணாக்கினேன்."

அந்தப் பெண் சிரித்தாள். வாயோரம் வலித்திருக்கும், சட்டென்று கையால் பொத்திக்கொண்டாள். எழுந்து, கழற்றின கவசத்தைப் பையில் போட்டுக்கொண்டாள். முகத்தில் மாட்டவில்லை. வாசல்வரை போனவள் திரும்பினாள்.

"அடுத்த மாசமும் எனக்கு டெஸ்ட் இருக்குக்கா. நீங்கதானே இருப்பீங்க?"

பளிச்சக்காவுக்குக் கொடுத்தது ஒரே ஒரு நாள். நாளைக்கு எங்கே நிற்பாள் என்று அவளுக்கே தெரியாது. கையுறையின் விரல்களை ஒவ்வொன்றாக இழுத்துக்கொண்டு நின்றாள்.

"இருப்பாங்கம்மா," என்றார் மேனேஜர், மூலையிலிருந்து. "இனிமே இவங்கதான்."

பளிச்சக்கா கையுறையைக் கழற்றிப் போட்டுவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்; தேய்க்காமல், ஒற்றி.